ஜான் ஹார்ட் குகையில் ஓராண்டு வாழ்ந்தாரா?

அமெரிக்க சுதந்திரப் பிரகடனத்தில் கையெழுத்திட்ட நியூ ஜெர்சி விவசாயி ஜான் ஹார்ட்டைப் பற்றி ஒரு செய்தி ஒவ்வோர் ஆண்டும் ஜூலை 4 அன்று வலம் வருகிறது. சாகக் கிடந்த மனைவியின் கட்டிலருகே இருந்து பிரிட்டிஷ் படை அவரை விரட்டியதாம். ஓராண்டுக்கு மேல் காட்டிலும் குகையிலும் கிடந்தாராம். திரும்பி வந்தால் மனைவி இறந்திருந்தார், 13 பிள்ளைகளையும் காணோம்; மனமுடைந்து சில வாரங்களில் அவரும் போய்விட்டாராம்.

தேதிகளைப் பாருங்கள். மனைவி டெபோரா இறந்தது 1776 அக்டோபர் 8. பிரிட்டிஷ் படை அவருடைய ஊரான ஹோப்வெல் பக்கம் வந்ததோ அந்த ஆண்டு டிசம்பரில்தான். பிள்ளைகளில் பெரும்பாலோர் அப்போதே வளர்ந்து ஆளானவர்கள்.

அவர் மலைப்பகுதியில் ஒளிந்தது உண்மை. பண்ணை சூறையாடப்பட்டதும் உண்மை. ஆனால் டிரென்டன், பிரின்ஸ்டன் ஊர்களில் அமெரிக்கப் படை பெற்ற வெற்றிகளுக்குப் பின், 1777 தொடக்கத்திலேயே அந்தப் பகுதி மீண்டுவிட்டது. அவரும் வீடு திரும்பினார். ஓராண்டெல்லாம் இல்லை.

எனக்கு இதில் பெரிய வருத்தம், அவர் உண்மையில் செய்தது மறைந்துபோவதுதான். மாகாணச் சட்டமன்றத்தின் சபாநாயகர் பணியை அவர் தொடர்ந்தார். 1778 ஜூனில், பயிர் வளரும் பருவத்தில், வாஷிங்டனின் படை தன் நிலத்தில் முகாமிட இடம் கொடுத்தார். சுமார் 12,000 வீரர்கள்! அத்தனை பேர் கால்பட்டால் வயல் என்னவாகும் என்று ஒரு விவசாயிக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

அவர் இறந்தது 1779 மே 11. காரணம், நெடுநாள் வாட்டிய சிறுநீரகக் கல்.