ஓடைப் புறம்போக்கு என்று எழுதிவிட்டால் முடிந்ததா?

பக்கத்துக் காட்டுக்காரரோடு வரப்புத் தகராறு என்றால் சர்வேயர் வந்து அளந்து கல் நட்டால் பெரும்பாலும் அடங்கிவிடும். தகராறே அரசாங்கத்தோடு என்றால்? அளப்பது அவர்கள், வரைபடம் அவர்களுடையது, நோட்டீஸ் கொடுப்பதும் நம் விளக்கத்தைக் கேட்டு முடிவு செய்வதும் அவர்களே.

எங்கள் பெரியப்பா தோட்டத்துக்குக் கிழக்கே ஓடை. கிணறும் மோட்டார் ரூமும் ஓடைப் புறம்போக்கில் இருப்பதாக 1905ஆம் வருட நில ஆக்கிரமிப்புச் சட்டப்படி நோட்டீஸ் வந்தது. அளக்க வந்தபோது கிழக்கு மூலைக் கல் எஃப்.எம்.பி. என்கிற நில அளவை வரைபடத்தில் இருந்தது, தரையில் இல்லை. அடுத்த சர்வே எண்ணில் கிடைத்த ஒரு கல்லிலிருந்து அளந்தார்கள். அது நட்ட இடத்திலேயே நிற்கிறதா, ரோடு போட்டபோது ஜேசிபி தள்ளிவிட்டதா என்று பெரியப்பா கேட்டதற்குப் பதிலே இல்லை. கோடு கிணற்றுக்கு நடுவே போனது. "மேப்புல அப்படித்தாங்க இருக்கு" என்று கிளம்பிவிட்டார்கள். தாத்தா கிணறு வெட்டிய காலத்தில் ஓடை இன்னும் கிழக்கே ஓடியது. மேலே தடுப்பணை வந்தபிறகு ஒவ்வொரு வெள்ளத்துக்கும் நம் பக்கக் கரைதான் கரைகிறது. புதிதாக வந்து பார்ப்பவருக்குக் கிணறு ஓடைக்குள் இருப்பதாகத்தான் தோன்றும்.

ஏரி, குளத்தை வளைத்துப் போட்டவர்களை அப்புறப்படுத்தத்தான் வேண்டும், அதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை. ஆனால் சட்டத்தைப் பாருங்கள். 1923ஆம் வருட சர்வே மற்றும் எல்லைகள் சட்டப்படி, அளவை முடிந்ததாக அறிவிப்பு வந்துவிட்டால் அதுதான் எல்லை. தப்பு என்றால் 3 வருடத்துக்குள் சிவில் கோர்ட்டுக்குப் போக வேண்டும். கெஜட் அறிவிப்பை எந்த விவசாயி படிக்கிறார்? அரசு தன் நிலத்தைக் கேட்டு வழக்குப் போட மட்டும் காலவரம்புச் சட்டத்தில் 30 வருடம். கல்லைப் பராமரிக்கும் பொறுப்பும் பட்டாதாரர் தலையில். நாம் அரசு மீது வழக்குப் போட 2 மாத நோட்டீஸ் தர வேண்டும், அவசரம் என்றால் கோர்ட் அனுமதி வாங்க வேண்டும். யூ.டி.ஆர். என்கிற நிலப் பதிவேடு புதுப்பிப்பு நடந்த காலத்தில், 1979 முதல் 87 வரை, பதிவேட்டில் ஏறிய தப்புகளைத் திருத்தச் சொல்லி இன்றைக்கும் மனுவோடு அலைகிறார்கள்.

எந்தக் கல்லிலிருந்து அளந்தார்கள், அது சரியான கல் என்று எப்படி உறுதி செய்தார்கள் என்பதை எழுதி, நில உடைமையாளர் கையில் கொடுத்துவிட்டுத்தான் ஆக்கிரமிப்பு நோட்டீஸே அனுப்ப வேண்டும். அவர் ஒத்துக்கொள்ளாவிட்டால் வேறு தாலுகா சர்வேயரை வைத்து மறுபடி அளக்க வேண்டும். அதுவரை எந்தக் கிணற்றுப் பக்கமும் ஜேசிபி வரக்கூடாது.