அந்தக் கட்டத்தைப் படமெடுங்கள்

ஏ.ஜி.ஏ ஒபிசில் (பிரதேச செயலகத்தில்) சனம் படும் பாட்டை நையாண்டி செய்து எங்கள் பெடியள் எடுக்கும் குறும்படங்கள் எனக்குப் பிடிக்கும். போனிலேயே எடுத்து, வீட்டு மேசையையே ஒபிஸ் ஆக்கி, யூடியூப்பில் ஏற்றிவிடுகிறார்கள். ஆனால் நான் பார்த்தவற்றில் பெரும்பாலும் ஒரே ஆள்தான். வயிறு வைத்த கிளாக்கர் தேத்தண்ணி குடித்துக்கொண்டு "நாளைக்கு வாங்கோ" என்கிறார். சிரிக்கிறோம், மறக்கிறோம்.

வன்னியில் சிக்கல் அந்தக் கிளாக்கரோடு முடிவதில்லை. அம்மம்மா தன் காணிப் பெர்மிட்டை ஷொப்பிங் பையில் சுற்றி பங்கருக்குள்ளும் வைத்திருந்தவ. 2009 கடைசிச் சண்டையில் மாத்தளன் பக்கம் அந்தப் பை போய்விட்டது. மெனிக்பாம் அகதி முகாமிலிருந்து ஊர் திரும்பியபின் பிரதி கேட்டு ஏ.ஜி.ஏ ஒபிசுக்குப் போனோம். பெர்மிட் இலக்கம் கேட்டார்கள். இலக்கம் பெர்மிட்டில்தானே இருந்தது! பிறகு பொலிஸ் முறைப்பாடு, ஜி.எஸ் (கிராம சேவகர்) கடிதம், அதற்கு மேலொப்பம். முறைப்பாட்டுக்கு, தொலைந்த திகதி வேண்டுமாம். "செல்லடிக்குள்ள ஆர் மோனை திகதி பார்த்தது?" என்றா அம்மம்மா.

எழுதிக்கொண்டிருந்த பிள்ளை பேனையை வைத்துவிட்டுக் குனிந்துகொண்டாள். அவளும் முகாமில் இருந்து வந்தவள்தான். படிவத்தில் திகதிக் கட்டத்தை வெறுமையாக விட அவளுக்கு அதிகாரம் இல்லை, நிரப்ப எங்களுக்கு வழி இல்லை. அங்கதம் போய்க் குத்தவேண்டிய இடம் அந்தக் கட்டம். அந்தப் பிள்ளையைக் கோமாளியாக்கினால் படிவத்தை வகுத்தவர்கள் தப்பிவிடுவார்கள். பொல்லோடு வரிசையில் நிற்கும் கிழவியைப் பார்த்துச் சிரிக்க வைப்பதை என்னால் மன்னிக்கவே முடியாது.

இன்னொரு காட்சியும் எடுக்கலாம். 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி, எழுத முடியாதவர் வாயால் கேட்டாலும் தகவல் அலுவலர்தான் அதை எழுதிக்கொள்ளவேண்டும். ஏன் கேட்கிறாய் என்று கேட்க முடியாது. தருவதா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்லவேண்டும். ஒரு கிழவி கதிரையில் இருந்து "என்ரை பைல் இப்ப ஆரிட்டை இருக்கு? எழுதடா தம்பி" என்று சொல்ல, அவர் எழுதுகிறார். பார்க்கிற சனத்துக்கு அடுத்த நாள் ஒபிசில் அப்படியே சொல்லப் பயன்படும்.

முள்ளியவளையிலோ கிளிநொச்சியிலோ யாராவது எடுப்பதென்றால் உள்பெட்டியில் சொல்லுங்கள். திகதி வசனத்தைத் தானே வந்து பேசுகிறாவாம் அம்மம்மா. பெர்மிட் பிரதி இன்னும் வரவில்லை.