ஜப்பான் மௌனப் படங்களில் நடிகைகளே இல்லையா?

"ஜப்பானிய மௌனப் படங்களில் கடைசிவரை ஆண்கள்தான் பெண் வேடம் கட்டினார்கள்" என்றொரு தகவல் சுற்றுகிறது. பாதிதான் சரி. கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடக மேடையின் வழக்கப்படி ஆரம்பத்தில் அப்படித்தான் நடந்தது. ஆனால் 1920இல் படத் தயாரிப்பில் இறங்கிய ஷோச்சிகு நிறுவனம் நடிகைகளைச் சேர்த்தது. அடுத்த ஆண்டே அங்கே அறிமுகமான சுமிகோ குரிஷிமா நாடறிந்த நட்சத்திரமானார்.

1933இல் மிக்கியோ நருசே இயக்கிய மௌனப் படமொன்றில், துறைமுக மதுக்கடையில் வேலைபார்த்து மகனை வளர்க்கும் தாயாக சுமிகோ வருகிறார். விட்டுப்போன கணவன் திரும்பி வந்து நிற்கிறான். கோபமும் இரக்கமும் சுமிகோவின் முகத்தில் மாறி மாறித் தெரிவதை என்னால் மறக்கவே முடியவில்லை. படம் அழியாமல் இருக்கிறது, அவசியம் பாருங்கள்.

அப்புறம், 1930களின் பிற்பகுதியில் திரையை விட்டு விலகியவர், 1956இல் நருசேயின் பேசும்படம் ஒன்றில் மீண்டும் நடித்தார்.