மாறாட்டத்துக்கும் ஓர் அளவு வேண்டும்

நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயக்கதையின் முதல் ஆறு அத்தியாயங்களை வாசித்த நண்பன் போன கிழமை தொலைபேசியில் சொன்னான்: “மச்சான், எழுத்து நல்லாத்தான் இருக்கு. ஆனா மாயம் காணாது. உலகத்தையே புரட்டிற சக்தி எண்டு சொல்லிப்போட்டு ஒரு கிணத்தை மட்டும் இல்லாமல் பண்ணினா ஆர் வாசிப்பினம்? மலை பறக்கோணும், வானம் கிழியோணும்.”

அன்றைக்கு அவனுக்கு ஒழுங்காகப் பதில் சொல்ல வரவில்லை. மனதுக்குள் கிடந்து உழன்றதை இங்கே எழுதுகிறேன்.

கதை ஏழு தீவுகள் கொண்ட ஓர் உலகத்தில் நடக்கிறது. சோளகம் என்ற தென்மேல் காற்று ஓய்ந்து வாடைக்காற்று தொடங்காத இடைவெளியில், பாய் அசையாத ஒரு பகலில், கடலிலிருந்து ‘மாறாட்டம்’ வரும். சத்தம் இல்லை, புகை இல்லை. வெயில் மட்டும் பால்போல வெளுக்கும். பனைகளின் நிழல் எந்தப் பக்கம் விழுவதென்று தெரியாமல் ஒரு கணம் தடுமாறும். அது கடந்து போனபின் ஊரில் ஏதோ ஒன்று குறைந்திருக்கும்: ஒரு கிணறு, ஓர் ஒழுங்கை, ஒரு வீட்டின் மூன்றாவது பிள்ளை. அது இருந்த நினைவும் சனத்துக்குப் போய்விடும். ஒழுங்கை கிடந்த இடத்தில் வேலி நிற்கும். வேலிக்கு நட்ட கதியால்கள் பத்து வருடம் முற்றித் துளிர்விட்டிருக்கும். எனக்கு இரண்டு பிள்ளைகள்தான் என்று தாயே சத்தியம் பண்ணுவாள். ஒரேயொரு கிழவிக்கு மட்டும் எல்லாம் நினைவிருக்கும். அவள் பகல் முழுக்க ஊரைச் சுற்றிக் கிணறுகளை எண்ணுவாள். ஊரோ அவளுக்குத்தான் மாறாட்டம் என்று சொல்லும்.

மலை பறந்தால் அதை எல்லோரும் அண்ணாந்து பார்ப்பார்கள். யாரும் எதையும் இழக்கமாட்டார்கள். மெய்யைக் குலைக்கிற சக்தி ஒன்றைக் கதைக்குள் கொண்டுவந்தால், குலையாமல் ஒருவரையாவது ஒரு பொருளையாவது நிறுத்தியே ஆகவேண்டும் என்பது என் பிடிவாதம். முன்பிருந்த வடிவம் யாருக்காவது தெரிந்திருக்க வேண்டும். இல்லாவிட்டால் அது வெறும் வாணவேடிக்கை. இப்போது தமிழில் வரும் மாயக்கதைகள் பலவற்றில் எனக்குள்ள குறையும் இதுதான். எதுவும் எப்படியும் மாறலாம் என்றால் ஏழாம் பக்கத்திலேயே எனக்குப் பயம் போய்விடுகிறது.

இதற்கு எங்கேயும் வெளியில் போய்ப் படிக்கத் தேவையில்லை. மணிமேகலையை எடுத்துப் பாருங்கள். மணிமேகலா தெய்வம் அவளைப் புகாரிலிருந்து நித்திரையிலேயே தூக்கி வந்து மணிபல்லவத்தில் விடுகிறது. யாழ்ப்பாணத்து நயினாதீவுதான் அந்த மணிபல்லவம் என்று எங்களில் பலர் கொள்கிறோம். எவ்வளவு தூரம் என்பதைக்கூடச் சாத்தனார் சொல்லிவிடுகிறார்: ‘ஆறைந்து யோசனை’, தென்திசையில். பறப்பது மாயம், ஆனால் 30 யோசனை என்பது கணக்கு; யோசனை அந்தக்காலத்துத் தூர அளவு. பிறகு உருமாறும் மந்திரம் கிடைக்கிறது. தன்மேல் ஆசைப்பட்டுப் பின்தொடரும் இளவரசன் உதயகுமரனிடமிருந்து தப்ப அவள் காயசண்டிகை என்ற பெண்ணின் வடிவம் எடுக்கிறாள். நல்ல உபாயம். ஆனால் காயசண்டிகைக்குக் காஞ்சனன் என்றொரு கணவன் இருக்கிறான். தன் மனைவி வேறொருவனோடு பேசிக்கொண்டு நிற்பதாக எண்ணி அவன் உதயகுமரனை வாளால் வெட்டிக் கொல்கிறான். மாற்றிய வடிவத்துக்கு ஓர் உயிர் விலை. கடைசியில் தூணில் இருக்கும் கந்திற்பாவைதான் உள்ளதைச் சொல்கிறது: அவள் உன் மனைவி அல்ல, உன் மனைவி விந்தமலையோடு முடிந்துபோனாள் என்று. எல்லாம் திரிந்த இடத்தில் திரியாமல் நின்றது அந்தப் பாவை. என் கிழவி அதற்கு ஏதோ தூரத்துப் பேத்திதான்.

யாழ்ப்பாணத்து நிலாவரைக் கிணற்றின் கதையும் அப்படித்தான். அந்தக் கிணற்றில் போட்ட எலுமிச்சங்காய் தூரத்தில் கடலோரம் இருக்கும் கீரிமலைக் கேணியில் மிதக்கும் என்று சின்ன வயதில் கேட்டு வளர்ந்தோம். யானையைப் போட்டதாகவோ தேரைப் போட்டதாகவோ யாரும் சொல்லவில்லை. கைக்குள் அடங்கும் ஓர் எலுமிச்சங்காய். மேலே நல்ல தண்ணீரும் ஆழத்தில் உப்புத் தண்ணீருமாகக் கிடக்கும் சுண்ணாம்புக்கல் நிலம் எங்களுடையது. அடியில் எந்தக் குகை எங்கே போகிறதென்று கண்ணால் காணமுடியாத மண்ணில் அந்த ஒற்றைக் காய் எனக்குப் போதும்.

ஆனால் கிணறு என் கதைக்குள் வந்தது நிலாவரையால் அல்ல.

அம்மாவின் ஊர் யாழ்ப்பாணத்து வடகரையில் உள்ள மயிலிட்டி. போரால் 1990 ஆனியில் ஊரைவிட்டு வெளிக்கிட்டவர்கள். இராணுவத்தின் கையில் இருந்த துறைமுகப் பக்கம் 2017 ஆடியில் விடுபட்டபின் அம்மாவோடு நானும் போனேன். வீடு இல்லை. மதில் இல்லை. வளவு எது ஒழுங்கை எது என்று பிரிக்கமுடியாத பற்றைக்காடு. அம்மா கொஞ்ச நேரம் நின்றுவிட்டுத் திரும்பிக் கடற்கரைக்கு நடந்தார். போய்விட்டு, அங்கேயிருந்து விரலை மடித்து ஒழுங்கைகளை எண்ணிக்கொண்டு வந்தார். ஒன்று, இரண்டு, மூன்று. கண்ணுக்கு ஒன்றுமே இல்லாத இடங்களில் நின்று நின்று எண்ணினார். கடைசியில் பற்றைக்குள் ஒரு கிணற்றுக்கட்டு தெரிந்தது.

“இதுதான் எங்கட கிணறு” என்றார்.

பக்கத்தில் தன் வளவைத் தேடிக்கொண்டிருந்த ஒரு பெரியவர் நிமிர்ந்து பார்த்தார். “பிள்ளை, அது எங்கடையெல்லோ. உங்கட கிணறு இன்னும் கிழக்கால.”

“இல்லை அண்ணை, நான் எண்ணிக்கொண்டெல்லோ வாறன்.”

“நானும் எண்ணித்தான் வந்தனான்.”

இரண்டு பேரும் கோபப்படவில்லை. இரண்டு பேரும் பொய் சொல்லவுமில்லை. 27 வருடம் அந்த ஊரை நாள்தோறும் மனதுக்குள் நடந்து பார்த்தவர்கள். இருவரும் ஒரே கட்டில் கை வைத்துக்கொண்டு உள்ளே எட்டிப் பார்த்தார்கள். தண்ணீர் இருந்தது.

அன்றிரவு அம்மா சாப்பிடவில்லை. ஒழுங்கைகளைத் திரும்பத் திரும்ப எண்ணிக்கொண்டு படுத்திருந்தார்.

மலையைப் பறக்கவிடச் சொல்லும் நண்பனுக்கு நான் சொல்ல வந்தது இதைத்தான். மச்சான், நீ சொன்னதுக்காக ஏழாம் அத்தியாயத்தை மாற்றி எழுதியிருக்கிறேன். ஆனால் நீ கேட்ட மாதிரி இல்லை. இப்போது ஊரில் இன்னொரு ஆளுக்கும் நினைவிருக்கிறது, ஒரு கிழவனுக்கு. மாறாட்டம் போனபின் இருவரும் முதன்முறையாகச் சந்திக்கிறார்கள். கிழவியின் கணக்கில் ஊரில் இருந்தவை 41 கிணறுகள். அவனுடைய கணக்கில் 42.