மாக்ஸ் ஷ்ரெக் ரத்தக்காட்டேரி இல்லை, நாடகக்காரர்

'நோஸ்ஃபெராட்டு' என்ற பழைய ஜெர்மன் காட்டேரிப் படம் பற்றிப் பேச்சு வந்தாலே கூடவே ஒரு கதையும் வந்துவிடும். அதில் காட்டேரியாக நடித்த மாக்ஸ் ஷ்ரெக் நிஜமாகவே ரத்தக்காட்டேரியாம். பாராட்டாகத்தான் சொல்கிறார்கள், தெரியும். ஆனாலும் கேட்கும்போதெல்லாம் மனசு கஷ்டப்படுகிறது. 30 வருடங்களுக்கு மேல் மேடையில் உழைத்த ஒருவரின் உழைப்பை அந்த ஒரு வரி துடைத்துவிடுகிறது.

பெயரும் இதற்கு ஒரு காரணம். ஜெர்மன் மொழியில் 'ஷ்ரெக்' என்றால் திகில். புனைபெயரில் யாரோ ஒளிந்துகொண்டு நடித்ததாகப் பலர் நம்பினார்கள். அது அவருடைய குடும்பப் பெயர், அவ்வளவுதான். 1879இல் பெர்லினில் பிறந்தவர். மகன் நடிக்கப் போவது அப்பாவுக்குப் பிடிக்கவில்லை. அம்மாதான் ரகசியமாகக் காசு கொடுத்து நடிப்பு கற்றுக்கொள்ள உதவினார். அப்புறம் ஊர் ஊராக மேடை, பெர்லினில் நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் குழு, அதன் பிறகு ம்யூனிக்கின் காமர்ஷ்பீல அரங்கம். மனைவி ஃபானி நோர்மனும் நடிகைதான்.

1922 மார்ச்சில் 'நோஸ்ஃபெராட்டு' பெர்லினில் திரையிடப்பட்டது. அதே வருடம் செப்டம்பரில் நாடக ஆசிரியர் ப்ரெக்டின் 'இரவில் முரசுகள்' நாடகம் ம்யூனிக்கில் அரங்கேறியபோது, அதில் க்ளுப் என்ற சாராயக்கடைக்காரர் வேடம் இவருக்கு. ஏழு மாதத்துக்குள் காட்டேரியும் சாராயக்கடைக்காரரும்! குணச்சித்திர நடிகரின் பிழைப்பு இதுதான். கொடுத்த வேடத்துக்குள் போக வேண்டும், மறுநாள் அதை உதறிவிட்டு அடுத்ததற்குள் போக வேண்டும்.

சரி, அந்தக் காட்டேரிக்கு வருவோம். ஒன்றரை மணி நேரப் படத்தில் அவர் திரையில் இருப்பது ஏறக்குறைய 9 நிமிடங்கள்தான். மொட்டைத் தலை, எலிப்பல், கூர்க்காது, நீண்ட நகம் எல்லாவற்றையும் வடிவமைத்தவர் படத்தின் கலை இயக்குநர் அல்பின் க்ராவ். அந்தப் பெருமை அவருக்கு. ஆனால் வேறு ஒருவருக்கு அதே ஒப்பனையைப் போட்டிருந்தால் அந்த நடை வந்திருக்குமா? தோள்கள் ஒடுங்கி, கைகள் உடம்போடு ஒட்டி, ஒரு குறுகலான பெட்டிக்குள் பல நூறு வருடம் கிடந்த உடம்பு போலவே நடக்கிறார். சாப்பாட்டு மேசையில் இளைஞன் ரொட்டி வெட்டும்போது விரலில் கத்தி பட்டுவிடும். அந்த நொடியில் ஓர்லாக் பிரபுவை, அதாவது அந்தக் காட்டேரியைப் பாருங்கள். கொடூரத்துக்கு முன்னால் பசி தெரிகிறது. கடைசியில் சேவல் கூவி வெளிச்சம் வந்ததும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கரைந்துபோவாரே, அங்கே எனக்குப் பயம் வரவில்லை, பரிதாபம்தான் வந்தது. ஊமைப்படம். குரல் இல்லை, வசனம் இல்லை. வெறும் உடம்பை வைத்துக்கொண்டு அந்தப் பரிதாபத்தை வரவழைத்தவர் பழுத்த நாடக நடிகர் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

மறுநாளே அடுத்த வேடம் என்றேன் அல்லவா? 1923இல் வந்த 'தெரு' படத்தைத் தேடிப் பாருங்கள். அதில் பார்வையற்ற முதியவராக வருகிறார். அந்த முகத்தில் ஓர்லாக்கின் சாயல்கூட இல்லை. பேசும் படங்கள் வந்த பிறகும் சின்னச் சின்ன வேடங்களில் தொடர்ந்து நடித்தார்.

'நோஸ்ஃபெராட்டு' பிழைத்ததே பெரிய விஷயம். உரிமை வாங்காமல் 'டிராகுலா' நாவலைப் படமாக்கியதால் அதை எழுதிய ப்ராம் ஸ்டோக்கரின் மனைவி வழக்குப் போட்டார். எல்லாப் பிரதிகளையும் அழிக்கச் சொல்லி 1925இல் தீர்ப்பு வந்தது. வெளிநாடுகளுக்குப் போயிருந்த பிரதிகளால்தான் நாம் இன்று பார்க்கிறோம். படம் தப்பியது, மனிதர் வதந்திக்குள் மாட்டிக்கொண்டார். 2000இல் அந்த வதந்தியையே வைத்து ஒரு படம் வந்தது. அதில் ஷ்ரெக்காக வில்லெம் டஃபோ அசத்தியிருந்தார், ஆஸ்கர் பரிந்துரையும் கிடைத்தது. ஆனால் அதைப் பார்த்தவர்களில் எத்தனை பேர் நிஜ ஷ்ரெக்கின் இன்னொரு படத்தைத் தேடிப் போனார்கள்?

காட்டில் தனியாக நடக்கப் பிடிக்கும், கொஞ்சம் ஒதுங்கியே இருப்பார், வித்தியாசமான நகைச்சுவை உணர்வு உண்டு என்று கூட நடித்தவர்கள் அவரைப் பற்றிச் சொல்லியிருக்கிறார்கள். 1936 பிப்ரவரி 19, ம்யூனிக். ஷில்லரின் 'டான் கார்லோஸ்' நாடகத்தில் தலைமை விசாரணைப் பாதிரியார் வேடம். அது அவருக்குக் கொடுத்த வேடம்கூட இல்லை, வில் டோம் என்ற நடிகருக்குப் பதிலாக ஏறினார். நடித்து முடித்த அன்று இரவே உடம்பு சரியில்லாமல் மருத்துவமனைக்குப் போனார். மறுநாள் காலையில் மாரடைப்பில் இறந்துபோனார். வயது 56.