வெள்ளைப் பாலும் ஈர வியர்வையும்

கம்யூனிகேஷன் ட்ரெய்னிங்னு எங்க போய் உக்காந்தாலும் ஸ்லைடுல அரிஸ்டாட்டில் தலை வந்துடும், கீழ ஈதோஸ் பேத்தோஸ் லோகோஸ்னு (பேசறவர் மேல நம்பிக்கை, கேக்கறவங்க உணர்ச்சி, தர்க்கம்) மூணு வார்த்தை, அப்புறம் டீ பிரேக். எனக்கு இதுல ரொம்ப நாளா ஒரு கடுப்பு. மனுஷன் பேச்சுக்கலையைப் பத்தி ரெட்டரிக்னு மூணு புத்தகமா எழுதி வச்சிருக்காரு, அதுல மூணாவது புத்தகத்துல பாதிக்கு மேல எந்த வார்த்தையை எப்படிப் போடணும்ங்கறதுதான் பேச்சு, அந்தப் பக்கம் ஒருத்தரும் எட்டிக்கூடப் பாக்கறதில்ல.

அங்க அல்கிடமாஸ்னு ஒரு பேச்சாளரை வச்சு செய்வாரு பாருங்க. அந்தாளுக்கு வெறும் வியர்வைன்னு சொன்னா பத்தாது, 'ஈர வியர்வை'ன்னு சொல்லணும். கவிதைல 'வெள்ளைப் பால்'னு வந்தா பொருந்தும், உரைநடைல அது ஒட்டாதுங்கறாரு அரிஸ்டாட்டில் (பால் வேற என்ன கலர்ல இருக்கும்னு அவர் கேக்கல, அது என் கேள்வி). அடைமொழியை இவர் தாளிப்பா போடல, அதையே சாப்பாடா பரிமாறறாருன்னு ஒரு குத்து. ஃபேஸ்புக் கவிதை படிக்கறப்பல்லாம் எனக்கு இந்த வரிதான் ஞாபகம் வரும், என் பழைய பதிவுகளையும் சேத்துதான் சொல்றேன்.

இந்த மோகத்துக்கு ஆரம்பம்னா கோர்கியாஸ். சிசிலில லியோன்டினிங்கற ஊர்லேருந்து கி.மு. 427ல தூதரா ஏதென்ஸ் வந்தவரு, அடுக்குமொழில பேசியே ஊரை மயக்கினவரு. ட்ராய் போருக்குக் காரணம்னு பழி சுமந்த ஹெலன் மேல தப்பில்லன்னு அவரோட உரை ஒண்ணு இருக்கு, அதுல சொல்லுதான் பெரிய ராஜா, அதோட உடம்பு கண்ணுக்கே தெரியாத அளவு சின்னது ஆனா தெய்வம் பண்ற வேலையெல்லாம் பண்ணும், மருந்து உடம்பை ஆட்டி வைக்கற மாதிரி சொல்லு மனசை ஆட்டி வைக்கும்னு அடிச்சுக்கிட்டே போயி, கடைசி வரில இது எனக்கு ஒரு விளையாட்டுன்னு முடிச்சுடுவாரு. என்னா தெனாவெட்டு!

பிளேட்டோவுக்கு இது ஆகல. கோர்கியாஸ் பேர்லயே ஒரு உரையாடல் எழுதி, பேச்சுக்கலையெல்லாம் கலையே இல்ல, சமையல் மாதிரி நாக்குக்கு முகஸ்துதி பண்ற கைப்பழக்கம்னு சாக்ரடீஸை விட்டு சொல்ல வைக்கறாரு. டாக்டரும் சமையல்காரரும் போட்டி போட்டு பசங்க தீர்ப்பு சொன்னா டாக்டர் பட்டினி கெடந்து சாகணுமாம்.

என் கருத்து என்னன்னா, பிளேட்டோ பயந்திருக்க வேண்டியது கோர்கியாஸைப் பாத்து இல்ல, லிசியாஸைப் பாத்து. கோர்கியாஸ் ஜிகினா போட்டுக்கிட்டு வர்றாரு, வர்றப்பவே நாம உஷாராயிடுவோம். அரிஸ்டாட்டிலே இதைச் சொல்றாரு, செயற்கைன்னு தெரிஞ்சா ஜனங்க கலப்பட ஒயினைப் பாக்கற மாதிரி பாப்பாங்க, அதனால செய்யற வேலையை மறைச்சு செய்யணும்னு. லிசியாஸ் அதுல மன்னன். ஏதென்ஸ்ல வழக்குன்னா அவங்கவங்கதான் எழுந்து பேசணும், இவர் காசு வாங்கிட்டு அடுத்தவங்களுக்குப் பேச்சு எழுதிக் குடுப்பாரு. யூஃபிலெட்டோஸ்னு ஒருத்தன் பொண்டாட்டியோட இருந்தவனைக் கொன்னுட்டு கோர்ட்டுல நிக்கறான். அவன் வாயில வர்ற பேச்சுல ஒரு ஜிகினா கெடையாது. என் வீடு சின்னது, மாடி வீடு, கொழந்தை பொறந்தப்புறம் ராத்திரி அவ படியில எறங்கி விழுந்துடக் கூடாதுன்னு நான் மாடிக்கு மாறிட்டேன், ஒருநா ராத்திரி கதவு கிறீச்சுன்னு கேட்டுச்சு, கேட்டா கொழந்தைகிட்ட இருந்த வெளக்கு அணைஞ்சிடுச்சு பக்கத்து வீட்டுல பத்த வச்சேன்னா, அவ அண்ணன் தம்பில ஒருத்தன் செத்து முப்பது நாள்கூட ஆகல, முகத்துல பவுடர் பூசின மாதிரி இருந்துச்சு, நான் ஒண்ணும் பேசல. அவ்ளோதான். படிக்கறப்ப பாவம்டா இவன்னு தோணிடுச்சு எனக்கு. திட்டம் போட்டு வலையில விழ வச்சுக் கொன்னான்ங்கற குற்றச்சாட்டுக்குப் பதில் சொல்லிட்டிருக்கான்ங்கறதே மறந்து போச்சு.

ஃபீட்ரஸ்ங்கற இன்னொரு உரையாடல்ல பிளேட்டோ லிசியாஸையும் ஒரு பிடி பிடிக்கறாருதான், ஆனா அங்க புகார் வேற, பேச்சுல ஒழுங்கில்ல, எந்த வரியை எங்க தூக்கிப் போட்டாலும் ஒண்ணுதான்னு. எளிமைல இருக்கற விஷத்தைப் பத்தி மூச்சு விடல.

எப்படி விடுவாரு? கி.மு. 399ல சாக்ரடீஸ் மேல நடந்த விசாரணையை பிளேட்டோவே எழுதறப்ப சாக்ரடீஸ் எப்படி ஆரம்பிக்கறாரு தெரியுமா, எனக்கு எழுபது வயசாச்சு, கோர்ட் ஏறினதே இதான் முதல் தடவை, அலங்காரமால்லாம் பேச வராது, கடைத்தெருவுல பேசற மாதிரி வாயில வர்றதைத்தான் பேசுவேன்னு.