பாக்கி நாட்கள் சேர்ந்து ஒரு பருவமானால்

சனிக்கிழமை சாயந்திரமானால் சிங்கப்பூரில் எங்கள் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்துக் கல்மேசையைச் சுற்றி ஐந்தாறு பிள்ளைகள் கூடுகிறார்கள். அக்கா மகளும் அவளுடைய கூட்டாளிகளும். ஒரு கற்பனைத் தீவுக்கூட்டத்தில் நடக்கும் கதையை நான் நடத்துகிறேன், அவர்கள் மாலுமியாகவும் வைத்தியராகவும் வணிகராகவும் மாறிப் பகடை உருட்டி விளையாடுகிறார்கள். எல்லாம் தமிழில். அந்த உலகத்து நாள்காட்டியில் ஒரு பருவம் மட்டும் நிலையாக நிற்காது. அதைப் பற்றித்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம், பொறுமையாகப் படியுங்கள்.

பிள்ளைகள் அதற்கு 'வந்தாலும் வரும் மாசம்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். மற்ற ஐந்து பருவங்களும் ஒழுங்காக வந்து போகும். இது சில வருஷம் எட்டிக்கூடப் பார்க்காது. வந்துவிட்டாலோ காற்று செத்துவிடும், கப்பல்கள் துறையிலேயே கிடக்கும். எப்போது வரும், எத்தனை நாள் கிடக்கும் என்பதை ஆரம்பத்தில் 20 முகப் பகடையை உருட்டியே முடிவு செய்தேன். அது தப்பு என்று இப்போது உறுதியாக நினைக்கிறேன்.

இதே மாதிரி விளையாட்டு நடத்தும் நண்பர் ஒருவர், "நிலையில்லாத பருவம்தானே, உருட்டிவிட்டுப் போங்களேன்" என்கிறார். இதில்தான் எனக்கும் அவருக்கும் ஒத்துவரவில்லை. நாலு வாரம் உருட்டிப் பார்த்தேன். பிள்ளைகள் அரிசி சேர்த்துவைப்பதை விட்டுவிட்டார்கள், துறைமுகத்துக் கிழவனிடம் காற்றைப் பற்றிக் கேட்பதையும் விட்டுவிட்டார்கள். கேட்டால், "எப்படியும் பகடைதானே மாமா" என்றாள் அக்கா மகள். ஒரு பருவம் வெறும் அதிர்ஷ்டமாகிவிட்டால் அங்கே வாழ்கிற மனிதர்களுக்குச் செய்வதற்கு ஒன்றுமே இல்லை. நிலையில்லாதது வேறு, கணக்கே இல்லாதது வேறு.

எங்கள் அம்மாவைப் பாருங்கள். சமையலறை ஜன்னலுக்கு வெளியே மூங்கில் கழிகளில் துணி காய்ந்துகொண்டிருக்கும். விடிந்தும் விடியாத நேரத்தில் திரைச்சீலை ஒரு தரம் உள்பக்கம் உப்பும். அவ்வளவுதான், "மேற்கே கறுத்திருக்கு" என்று எழுந்து ஓடுவார். கழியை இழுக்கும்போது துணியின் ஈரம் முழங்கை வரை வழியும். ஏப்ரலிலிருந்து நவம்பர் வரை மலாக்கா நீரிணையைத் தாண்டி வரும் சுமத்ரா சூறைக்காற்று அது. மணிக்கு 40 முதல் 80 கிலோமீட்டர் வேகத்தில் அடித்து ஒன்றிரண்டு மணி நேரத்தில் ஓய்ந்துவிடும். எந்த நாளில் வரும் என்று அம்மாவுக்குத் தெரியாது, ஆனால் வருவதற்குக் கால்மணி முன்பு தெரியும். சில நாள் அவர் கணிப்பு பொய்த்து வெயில் சுள்ளென்று அடிக்கும், கழிகளை மறுபடி வெளியே நீட்டுவார். இந்த அரைகுறை அறிவுதான் எங்கள் தீவுகளில் இல்லாமல் போயிருந்தது.

கணக்கு எங்கிருந்து வந்தது என்றால், அதே சமையலறைச் சுவரில் தொங்கும் காலண்டரிலிருந்து. தீபாவளி 2023இல் நவம்பர் 12, 2024இல் அக்டோபர் 31, 2025இல் அக்டோபர் 20. இப்படியே பின்னால் போய்க்கொண்டிருந்தது 2026இல் நவம்பர் 8க்குத் தாவுகிறது. 12 சந்திர மாதம் சேர்ந்தால் ஏறக்குறைய 354 நாள்தான், சூரிய ஆண்டுக்கு 11 நாள் குறை. அந்தப் பாக்கி சேர்ந்து சேர்ந்து ஒரு மாதத்தை எட்டும்போது அதிக மாதம் ஒன்றை நுழைத்துவிடுகிறார்கள். சீனர்களும் அப்படி ஒரு மாதத்தை நுழைக்கிறார்கள். இஸ்லாமிய நாள்காட்டியில் அது கிடையாது, அதனால் நோன்புப் பெருநாள் வருஷம் முழுக்கச் சுற்றி வருகிறது. மூன்று கணக்கும் ஒரே கட்டத்துக்குள் அச்சாகியிருக்கும் காலண்டரைப் பார்த்து வளர்கிற பிள்ளைகள் இவர்கள். இவர்களுக்கு மேற்கத்தியக் கற்பனைக் கதைகளில் வருஷக்கணக்கில் நீளும் பனிக்காலத்தை எதற்குக் கடன் வாங்க வேண்டும்?

ஆகவே பகடையை எடுத்து வைத்துவிட்டேன். எங்கள் உலகத்திலும் சூரியனுக்கும் நிலவுக்கும் நடுவே நாட்கள் பாக்கி விழும். அந்தப் பாக்கி நிரம்பினால் காற்று நிற்கும். எப்போது நிரம்புகிறது என்று சொல்ல இரண்டு பஞ்சாங்கக் குடும்பங்கள், இரண்டும் ஒத்துப்போகாது. இதை நான் புதிதாகக் கண்டுபிடிக்கவில்லை. திருக்கணிதப் பஞ்சாங்கம் 2025 மார்ச்சில் சனிப்பெயர்ச்சி என்றது, வாக்கியப் பஞ்சாங்கத்தைப் பின்பற்றும் திருநள்ளாற்றில் 2026 என்றார்கள். ஒரே கிரகம், ஒரு வருஷ வித்தியாசம், இரண்டு பக்கமும் நம்பிக்கையோடு மக்கள். கற்பனை உலகத்துக்கு இதைவிட நல்ல விதை எனக்குத் தெரியவில்லை.

அதற்குப் பிறகு நடந்ததைச் சொல்லத்தான் இவ்வளவும் எழுதினேன். வைத்தியராக ஆடும் பதினோரு வயதுப் பையன், "காற்று திரும்பினதும் தர்றேன்" என்று சொல்லி ஒரு வணிகரிடம் கடன் வாங்கியிருந்தான். நீராவிக் கப்பலுக்கு முந்தைய சிங்கப்பூரில் வியாபாரம் காற்றை நம்பித்தான் நடந்தது. வாடையில் இறங்கி வந்த சீனத்து ஜங்க் பாய்மரக் கப்பல்கள் தென்மேற்குக் காற்று எழும் வரை காத்திருந்துதான் ஊர் திரும்பின. அந்தக் கதையை அவனுக்குச் சொல்லியிருந்தேன். காற்று நின்றது. பையன் நிமிர்ந்து பார்த்துக் கேட்டான்:

"இந்த மாசத்துக்கு வட்டி உண்டா மாமா?"

நான் பதில் சொல்லவில்லை. மேசையே இரண்டாகப் பிரிந்தது. வருஷத்துக்குள் சேராத நாளுக்கு வட்டி எப்படி என்று ஒரு பக்கம். அந்த நாளிலும் சோறு தின்றாய்தானே என்று இன்னொரு பக்கம். சண்டை ஏழரை மணி வரை ஓடியது. அக்கா மகள் வடதீவுப் பஞ்சாங்கத்தை நோட்டுப் புத்தகத்தில் வரைந்து வைத்திருக்கிறாள். அதன்படி பருவம் இன்னும் தொடங்கவே இல்லை, ஆகவே வட்டி உண்டு. பையன் தென்தீவுப் பஞ்சாங்கத்தை எழுதிக்கொண்டு வருகிறேன் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறான். வரும் சனிக்கிழமை வழக்கு துறைமுக மன்றத்துக்கு வருகிறது.